கெ யோ தன்னை வீணடித்துக்கொண்டாரா?

கான் திரைப்பட விழாவில் சிறந்த நடிகர் விருது வாங்கிய முதல் சீனர் கெ யோ. வருஷம் 1994, படம் ஜாங் யிமோ இயக்கிய 'டு லிவ்'. உலக சினிமா பார்க்கிற வட்டத்தில் இந்தப் பேச்சை எடுத்தாலே அடுத்து ஒரு வாக்கியம் வந்து விழும்: "அதுக்கப்புறம் மனுஷன் காமெடி பண்ணியே வீணாப் போயிட்டாரு." சமீபத்தில் ஒரு திரையிடல் முடிந்து வெளியே நின்றபோது நண்பர் ஒருவர் இதையே சொன்னார். நல்ல ரசனை உள்ளவர், சினிமாவை ஊன்றிப் பார்க்கிறவர். அவர் சொன்னதால்தான் அது எனக்குள் முள்ளாகத் தைத்து நின்றுவிட்டது. கானில் ஜெயித்த ஒருவர் அடுத்த கால் நூற்றாண்டு முழுக்க புத்தாண்டு காமெடிகளில் நடித்தால் அது வீழ்ச்சி என்று நாம் ஏன் இத்தனை சுலபமாக முடிவு கட்டுகிறோம்?

இந்தக் கேள்விக்கு இன்னொரு முனையும் உண்டு. சீனாவின் இளைஞர்களுக்கு கெ யோ என்றால் முதலில் ஞாபகம் வருவது கான் இல்லை, ஒரு சோபா. 1990களில் வந்த 'ஐ லவ் மை ஃபேமிலி' என்ற டிவி தொடரில் அவர் இரண்டே எபிசோடுகளில் தலைகாட்டினார். ஒரு குடும்பத்தின் வீட்டுக்கு வந்து ஒட்டிக்கொண்டு, சாப்பிட்டுச் சாப்பிட்டுக் கிடக்கும் ஆள் வேஷம். பூப்போட்ட சட்டை, வழுக்கைத் தலை, ஒல்லி உடம்பு. எலும்பே இல்லாததுபோல சோபாவில் சரிந்து கிடப்பார். 2016இல் அந்த ஒரு காட்சி இணையத்தில் தீயாகப் பரவியது. வேலை செய்து களைத்துப்போன தலைமுறை, தன் அலுப்புக்கான படமாக அதை எடுத்துக்கொண்டது. கம்பெனிகள் அனுமதி கேட்காமல் விளம்பரத்துக்குப் பயன்படுத்த, அவர் கோர்ட்டுக்குப் போய் ஜெயிக்கவும் செய்தார். அந்தப் படத்தைப் பகிர்ந்தவர்களில் எத்தனை பேர் 'டு லிவ்' பார்த்திருப்பார்கள்? சீனத் திரையரங்குகளில் அந்தப் படம் இன்றுவரை முறையாக வெளியாகவில்லை. பார்த்தவர்கள் திருட்டு டிஸ்க்கிலும் பிறகு இணையத்திலும் பார்த்தவர்கள்தான்.

ஒரு நடிகரின் ஆகப்பெரிய வேலையை அவர் ஊர்க்காரர்கள் பெரிய திரையில் பார்த்ததே இல்லை. அவரை 'வீணானவர்' என்று தீர்ப்பு எழுதும் முன் இதை யோசித்துப் பார்க்க வேண்டும்.

பன்றிக்குத் தீனி வைத்த பையன்

கெ யோ 1957இல் பெய்ஜிங்கில் பிறந்தவர். அப்பா கெ சுன்ஜுவாங் பெரிய நடிகர், ஆனால் வில்லன் வேஷக்காரர். 1963இல் வந்த 'லிட்டில் சோல்ஜர் ஜாங் கா' படத்தில் ஜப்பானிய அதிகாரியாக வந்து ஒரு தலைமுறைக் குழந்தைகளின் வெறுப்பைச் சம்பாதித்தவர். அம்மா பெய்ஜிங் ஃபிலிம் ஸ்டூடியோவில் கதை இலாகா எடிட்டர். பையன் வளர்ந்தது சினிமாவுக்கு நடுவில்தான். ஆனால் சினிமா அவனைக் கூப்பிடவில்லை. மாவோ தொடங்கிவைத்த அரசியல் களையெடுப்பான கலாசாரப் புரட்சிக் காலத்து வழக்கப்படி படித்த பிள்ளைகளைக் கிராமத்துக்கு அனுப்பியபோது, பெய்ஜிங்கை ஒட்டிய சாங்பிங்கில் அவருக்கு வாய்த்த வேலை பன்றி வளர்ப்பு. திரும்பி வந்து நடிப்புப் பள்ளிகளில் தேர்வு எழுதினார், எங்கும் எடுக்கவில்லை. முகவாகும் அப்படி. அன்றைய சீன சினிமா கதாநாயகனிடம் எதிர்பார்த்த அகன்ற நெற்றி, வீரப் பார்வை, கணீர்க் குரல் எதுவும் அவரிடம் கிடையாது.

1979இல் அனைத்துச் சீனத் தொழிற்சங்கக் கூட்டமைப்பின் கலைக்குழு ஆள் எடுத்தது. அங்கே அவர் நடித்துக் காட்டிய துண்டுக் காட்சி: பன்றிக்குத் தீனி வைப்பது. எடுத்துக்கொண்டார்கள். கெ யோவைப் பற்றி எழுதுகிற எல்லோரும் இதை ஒரு சுவையான சம்பவமாகச் சொல்லிவிட்டு நகர்ந்துவிடுவார்கள். எனக்கு அவருடைய மொத்தப் பாணியுமே அந்த அறையில் தொடங்கியதாகப் படுகிறது. மற்றவர்கள் வீரத்தையும் சோகத்தையும் நடித்துக் காட்டியிருக்கக்கூடிய ஒரு தேர்வில், தனக்கு நிஜமாகத் தெரிந்த ஒரே வேலையை, அலங்காரம் எதுவும் இல்லாமல் செய்து காட்டியவர் அவர். அதன்பிறகும் அவர் செய்ததெல்லாம் ஏறக்குறைய அதுதான்.

1985இல் முதல் படம். 1988இல் வாங் ஷுவோவின் கதையை வைத்து எடுத்த 'தி ட்ரபிள்ஷூட்டர்ஸ்'. அதில் மூன்று இளைஞர்கள் ஒரு கம்பெனி தொடங்குகிறார்கள். உங்களுக்குப் பதிலாக நாங்கள் திட்டு வாங்குவோம், உங்கள் காதலியோடு உங்களுக்குப் பதிலாகப் போய் உட்காருவோம் என்பதுதான் தொழில். அப்புறம் 'ஸ்டோரிஸ் ஃப்ரம் தி எடிட்டோரியல் போர்டு' என்ற டிவி தொடர், அதில் வாய்ச்சவடால் பத்திரிகைக்காரன் லி தோங்பாவ். அந்த வேஷம்தான் அவரை வீட்டுக்கு வீடு கொண்டுபோய்ச் சேர்த்தது. 1993இல் 'ஆஃப்டர் செபரேஷன்' படத்துக்காகச் சீனாவின் கோல்டன் ரூஸ்டர் விருது. மனைவியை வெளிநாட்டுக்கு வழியனுப்பிவிட்டு இங்கே தனியாக நிற்கும் கணவன் வேஷம். ஆக, கான் அவரைக் கண்டுபிடிப்பதற்கு முன்பே சீனர்கள் கண்டுபிடித்துவிட்டார்கள். கண்டுபிடித்ததும் சிரிக்க வைப்பவராகத்தான்.

அதே 1993இல் வந்த சென் கைகேயின் 'ஃபேர்வெல் மை கான்குபைன்' பலருக்கு நினைவிருக்கும். யுவான் என்ற பணக்கார ஓபரா ரசிகராக வருவார். மேடையில் மன்னன் வேஷம் போடுபவனிடம், மரபுப்படி நீ ஏழு அடி எடுத்து வைக்க வேண்டும், ஐந்துதான் வைத்தாய் என்று மெல்லிய குரலில் சொல்லும் ஒரு இடம் உண்டு. மிரட்டல் கிடையாது, புருவம்கூட உயராது. ஆனால் அந்த அறையில் யாருக்கு அதிகாரம் இருக்கிறது என்பது அந்த நொடியில் தெரிந்துவிடும். இப்படி ஒரு நிதானம் இருக்கிற ஆளைத்தான் ஜாங் யிமோ அடுத்துக் கூப்பிட்டார்.

கோழிக்குஞ்சு வளர்ந்தால்

'டு லிவ்' கதையை முழுசாகச் சொல்லப் போவதில்லை. யூ ஹுவாவின் நாவல். சூதாட்டத்தில் வீட்டையே தோற்கும் பணக்கார வீட்டுப் பிள்ளை ஃபூகுய், கையில் மிஞ்சிய ஒரு நிழற்பாவைப் பெட்டியோடு உள்நாட்டுப் போர், மாபெரும் பாய்ச்சல், கலாசாரப் புரட்சி என்று 1940களிலிருந்து தாண்டித் தாண்டி வருகிறான். மனைவி ஜியாசென்னாக கோங் லி.

இந்தப் படத்தை நான் பல தடவை பார்த்திருக்கிறேன். ஒவ்வொரு தடவையும் என் கண் போவது கெ யோவின் முதுகுக்குத்தான். 1958, தொழிலில் நாட்டை ஒரே தாவலில் முன்னேற்றப் பார்த்த மாவோவின் மாபெரும் பாய்ச்சல் காலம், ஊரே இரும்பு உருக்குகிறது. மகன் யோசிங் தூக்கம் இல்லாமல் சுருண்டு கிடக்கிறான். பள்ளியில் இரும்பு உருக்கும் வேலைக்குக் குழந்தைகள் வர வேண்டும், மாவட்டத் தலைவர் வேறு வருகிறார். ஜியாசென் பையன் தூங்கட்டும் என்கிறாள். ஃபூகுய் கேட்கவில்லை, போகாவிட்டால் பின்தங்கியவர்கள் என்று பெயர் வந்துவிடும் என்ற பயம். பையனை எழுப்பி முதுகில் தூக்கிக்கொண்டு நடக்கிறான். நடந்துகொண்டே கதை சொல்கிறான். நம்ம வீடு இப்போ ஒரு கோழிக்குஞ்சு, வளர்ந்தா வாத்தாகும், வாத்து வளர்ந்தா ஆடாகும், ஆடு வளர்ந்தா மாடாகும். மாட்டுக்கு அப்புறம் என்று பையன் கேட்கிறான். அப்புறம் கம்யூனிசம், தினமும் கறி, தினமும் கொழுக்கட்டை என்கிறான் அப்பா.

அன்றைக்கே பையன் செத்துப்போகிறான். மாவட்டத் தலைவரின் ஜீப் பின்னால் வந்து இடித்த சுவர் இடிந்து அவன் மேல் விழுகிறது. ஜீப்பை ஓட்டிய அந்தத் தலைவரே சுன்ஷெங், போர்க்காலத்தில் ஃபூகுய்யோடு பாவைக்கூத்துக் கட்டிய பழைய தோழன்.

இந்தச் சாவு நம்மை அப்படி அடிப்பதற்குக் காரணம் அதற்கு முன்னால் வரும் காமெடி. செவிட்டு ஊமை அக்காவைக் கேலி செய்த பையன் தலையில் யோசிங் மிளகாய் போட்ட நூடுல்ஸைக் கவிழ்க்கிறான். ஊர் முன்னால் ஃபூகுய் அவனை அடிக்கிறான். பழிவாங்க யோசிங் என்ன செய்கிறான்? பாவைக்கூத்து நடக்கும்போது அப்பாவின் தேநீரில் மிளகாயைக் கலந்து கொடுக்கிறான். கெ யோ அதை வாயில் வாங்கித் துப்புகிற துப்பலில் நிழற்பாவைத் திரையே நனைந்துபோகும், கூட்டம் சிரிக்கும், நாமும் சிரிப்போம். அப்பாவும் மகனும் ராசியாகிவிட்டார்கள் என்று நமக்கு நிம்மதி வந்த கையோடுதான் அந்தக் காலைநேர நடை வருகிறது. அந்தத் தேநீர்க் காட்சியைக் காமெடி நடிகர் அல்லாத ஒருவர் நடித்திருந்தால் அது வெறும் இடைவேளைச் சிரிப்பாகப் போயிருக்கும். கெ யோ அதில் ஒரு அப்பனின் மொத்த அன்பையும் வைத்துவிடுகிறார். அடித்ததற்காக வெட்கப்படும் அப்பன், மகன் பழிவாங்கியதில் உள்ளூரப் பெருமைப்படும் அப்பன். அதனால்தான் கல்லறை முன்னால் கோங் லி கதறும்போது, பக்கத்தில் ஒடுங்கிப்போய் நிற்கும் இந்த மனிதரைப் பார்க்க முடியாமல் போகிறது.

சோகக் காட்சியில் அவர் சோகத்தைக் கேட்டு வாங்குவதே இல்லை. மகள் ஃபெங்ஷியா பிரசவத்துக்கு ஆஸ்பத்திரியில் இருக்கிறாள். டாக்டர்களைத் துரத்திவிட்டு, மாவோவின் இளம் தொண்டர் படையான செங்காவலர் மாணவிகள்தான் ஆஸ்பத்திரியை நடத்துகிறார்கள். கழுத்தில் பலகை மாட்டி அடைத்து வைத்திருந்த பேராசிரியர் ஒருவரை மருமகன் எப்படியோ கூட்டி வருகிறான். பட்டினியில் நிற்க முடியாத அவருக்கு ஃபூகுய் மாந்தோ வாங்கிக் கொடுக்கிறான், ஆவியில் வேகவைத்த பன். பசி மயக்கத்தில் அவர் ஏழையும் விழுங்கிவிடுகிறார். தொண்டை அடைக்கிறது என்று தண்ணீரும் கொடுக்கிறார்கள். உள்ளே ரத்தப்போக்கு ஆரம்பிக்கும்போது, வயிறு உப்பிய டாக்டரால் எழுந்து நிற்க முடியவில்லை. மகள் போய்விடுகிறாள்.

வருஷங்கள் கழித்துக் கல்லறையில் ஃபூகுய் கணக்குப் போடுகிறான். தண்ணி குடிச்சா ஒரு மாந்தோ வயித்துல ஏழா உப்புமாம், ஏழுக்கு நாப்பத்தொன்பது. அந்த டாக்டர் இப்போதெல்லாம் கோதுமையையே தொடுவதில்லையாம், சோறு மட்டும்தானாம் என்றும் சொல்கிறான். அப்படியானால் செலவு ஜாஸ்தியாகுமே என்கிறாள் ஜியாசென். பெற்ற மகளின் கல்லறை முன்னால் இருவரும் பேசுகிற பேச்சு இது. தழுதழுத்த குரலோ நடுங்கும் உதடோ இல்லை. சந்தையில் விலை விசாரிக்கிற தொனியில் கெ யோ பேசுவார். வருஷக்கணக்காகத் தன்னையே குற்றவாளிக் கூண்டில் நிறுத்திய ஒரு மனிதன், அந்தக் குற்றத்தைச் சுமக்கக் கண்டுபிடித்த ஒரே வழி இந்தக் கணக்கு என்பது எனக்கு மெதுவாகத்தான் உறைத்தது. சீனத் தொலைக்காட்சியில் கடைத்தெருப் பேச்சைப் பேசிப் பேசிப் பழகிய வாய் இல்லாமல் இந்த வசனத்தை இந்த எடையில் சொல்ல முடியாது.

அப்புறம் கடைசிக் காட்சி. பேரனுக்குக் கோழிக்குஞ்சுகள் வாங்கியிருக்கிறார்கள். பாவைகளைக் கலாசாரப் புரட்சியில் எரித்தாயிற்று, காலிப் பெட்டிதான் கட்டிலுக்கு அடியில் கிடக்கிறது. குஞ்சுகளை அதில் விடுகிறார்கள். குஞ்சு வளர்ந்து என்னவாகும் என்று பேரன் கேட்கிறான். வாத்து, ஆடு, மாடு என்று அதே வரிசை. மாட்டுக்கு அப்புறம்? முன்பு கம்யூனிசம் என்று பட்டென்று பதில் சொன்னவன் இப்போது தயங்குகிறான். அந்த இடைவெளியில் ஜியாசென்தான் புகுந்து, அப்புறம் நீ பெரியவனாகிவிடுவாய் என்கிறாள். ஃபூகுய் அதைப் பிடித்துக்கொண்டு, பெரியவனானால் ரயிலில் போவாய், விமானத்தில் போவாய், வாழ்க்கை நல்லாயிட்டே போகும் என்கிறான். ஒரு நாட்டின் பல வருஷ நம்பிக்கை என்ன ஆயிற்று என்பது அந்தத் தயக்கத்தில் இருக்கிறது. கெ யோ அங்கே முகத்தில் எதையும் காட்டவில்லை. காட்டியிருந்தால் அது ஒரு அரசியல் கருத்தாகியிருக்கும். அவர் அதை ஒரு தாத்தாவின் தடுமாற்றமாகவே விட்டுவிட்டார்.

கானுக்குப் பிறகு

அந்த மே மாதம் கானில் படத்துக்கு விழாவின் இரண்டாவது பெரிய விருதான கிராண்ட் பிரிக்ஸ், கெ யோவுக்குச் சிறந்த நடிகர். ஊரிலோ படம் பெட்டிக்குள். அந்தக் காலத்துச் சீன சினிமாவையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். அரசு ஸ்டூடியோக்கள் தள்ளாடிக்கொண்டிருந்தன. அதே 1994 நவம்பரில்தான் வசூலில் பங்கு என்ற முறையில் ஹாலிவுட் படங்கள் உள்ளே வர ஆரம்பித்தன. ஜனங்கள் தியேட்டரையே மறந்துகொண்டிருந்தார்கள். 1997 கடைசியில் ஃபெங் ஷியாவ்காங், கெ யோவை வைத்து 'தி ட்ரீம் ஃபேக்டரி' எடுத்தார். வருஷக் கடைசியில் குடும்பத்தோடு பார்க்கிற புத்தாண்டுப் படம் என்ற வழக்கமே சீன நிலப்பகுதியில் அங்கிருந்துதான் வேர்விட்டது. அடுத்தடுத்த வருஷங்களில் ஜனங்கள் டிசம்பர் வந்தால் கெ யோ படத்துக்குப் போவோம் என்று கிளம்பினார்கள்.

'தி ட்ரீம் ஃபேக்டரி'யில் ஒரு கம்பெனி, காசு வாங்கிக்கொண்டு ஒருநாள் உங்கள் கனவை வாழ வைக்கிறது. தளபதியாக வேண்டும் என்பவனுக்குப் படை. கஷ்டப்பட்டுப் பார்க்க வேண்டும் என்ற பணக்காரனைக் கிராமத்தில் கொண்டுபோய் விடுகிறார்கள், அவன் ஊர்க் கோழிகளை எல்லாம் தின்று தீர்க்கிறான். வயிறு வலிக்கச் சிரிக்கலாம். ஆனால் கடைசிப் பகுதியில், சாகப்போகும் மனைவியோடு இருக்க ஒரு வீடுகூட இல்லாதவனுக்கு, கெ யோ தன் கல்யாணத்துக்காகத் தயார் செய்த புது வீட்டின் சாவியைக் கொடுத்துவிடுகிறார். கொடுக்கும்போது பெருந்தன்மை காட்டாமல், ஏதோ குடையைக் கடன் கொடுப்பதுபோலக் கொடுப்பார். எனக்கு அங்கே ஃபூகுய் தெரிந்தான். 'டு லிவ்' பார்க்க வாய்க்காத கோடிக்கணக்கான பேர் அந்த மனிதனை இப்படித்தான் சந்தித்தார்கள்.

மறுதரப்புக்கும் நியாயம் உண்டு, அதை மறைக்க விரும்பவில்லை. 2006இல் ஃபெங் ஷியாவ்காங்கே அவரை 'தி பேங்க்வெட்' படத்தில் சக்கரவர்த்தி ஆக்கினார். ராஜ உடை, கனத்த வசனம். அவர் வாயைத் திறந்ததும் சீனத் தியேட்டர்களில் சிரிப்பு எழுந்தது என்று அப்போது செய்திகள் வந்தன. காமெடி முகம் ஒட்டிக்கொண்டுவிட்டது என்பதற்கு என் நண்பர் இதைத்தான் சாட்சியாக வைக்கிறார். அந்தப் படத்தில் கெ யோ சரியில்லை என்பதை நானும் ஒப்புக்கொள்கிறேன். ஆனால் காரணம் அவர் முகம் இல்லை. அந்த வசனங்கள் மேடையில் நிமிர்ந்து நின்று சொல்ல வேண்டியவை, கெ யோவோ தோளைத் தொங்கப்போட்டு மனிதர்களுக்கு நடுவில் பேசுகிறவர். 1980களில் கானைப் பற்றி யாரும் கேட்காத காலத்தில் அந்த வேஷம் கிடைத்திருந்தாலும் அது அவருக்குப் பொருந்தியிருக்காது.

நாலு வருஷம் கழித்து ஜியாங் வென்னின் 'லெட் தி புல்லட்ஸ் ஃப்ளை' வந்தது. அதில் காசு கொடுத்துப் பதவி வாங்கும் ஏமாற்றுக்காரராக, பொய்யைத் தவிர வேறு பேசாதவராகப் படம் முழுக்கச் சிரிக்க வைப்பார். அவருடைய சாவு வெடித்துச் சிதறிய வெள்ளிக் குவியலுக்கு நடுவில். கண்ணுக்குத் தெரிவது பாதி உடம்புதான், மீதி வெடியில் போய்விட்டது. சாகும் நேரத்தில் உன்னிடம் ஒன்று சொல்ல வேண்டும் என்று ஆரம்பித்து, சொல்ல வந்ததை முடிக்காமலே போய்விடுகிறார். வாழ்க்கையில் முதல்முறையாக உண்மை பேச வந்த வாய் அது. அந்த நொடியில் முகத்தில் இருப்பது அதே பழைய சிரிப்பின் மிச்சம்தான், நமக்குத்தான் தொண்டை அடைக்கும். 'தி பேங்க்வெட்'டில் தியேட்டர் சிரித்ததைச் சொல்கிறவர்கள் இந்தச் சாவையும் கணக்கில் எடுக்க வேண்டும்.

2019இல் வந்த 'மை பீப்பிள், மை கன்ட்ரி'யில் அவர் பெய்ஜிங் டாக்ஸி டிரைவர். 2008 ஒலிம்பிக் தொடக்க விழாவுக்கு அதிர்ஷ்டத்தில் ஒரு டிக்கெட் அடிக்கிறது. ஊரெல்லாம் பீற்றிக்கொண்டு திரிகிறார். கடைசியில் அது பூகம்பம் வந்த சிச்சுவானிலிருந்து வந்த ஒரு பையன் கைக்குப் போகிறது, அவன் அப்பா அந்த அரங்கத்தைக் கட்டிய கூலிகளில் ஒருவர். அரசாங்கக் கொண்டாட்டத்துக்காக எடுத்த தொகுப்புப் படம் அது, மற்ற பகுதிகளில் கொடியும் கண்ணீரும் நிறைய. கெ யோ பகுதியில் எனக்கு நெருங்கியது அந்த டிரைவரின் பீற்றல். அதை அவ்வளவு ருசித்துச் செய்திருப்பதால்தான் டிக்கெட்டைக் கொடுக்கும்போது அவர் எதை இழக்கிறார் என்று நமக்குத் தெரிகிறது.

நண்பரிடம் இதையெல்லாம் சொல்லிவிட்டேன். அவர் முழுசாக ஒத்துக்கொள்ளவில்லை. கானுக்குப் பிறகு இன்னும் இரண்டு ஃபூகுய் கிடைத்திருக்கலாமே என்கிறார். கிடைத்திருக்கலாம். ஆனால் அப்படிப்பட்ட படங்களை எடுக்க விடாதது யார் என்ற கேள்வியை நடிகரிடம் கேட்டுப் பயனில்லை. உங்களுக்கு கெ யோ புதுசு என்றால் நேராக 'டு லிவ்'வுக்குப் போகாதீர்கள். முதலில் 'தி ட்ரீம் ஃபேக்டரி' பாருங்கள், நன்றாகச் சிரியுங்கள், அந்த முகம் பழகட்டும். அடுத்த நாள் 'டு லிவ்' போடுங்கள்.